அளவுக்கும் பதத்துக்கும் இடையே

ஒரு குடும்பத்தில் வழிவழியாகச் சமைக்கப்பட்டு வரும் உணவின் செய்முறை மூத்தவரிடமிருந்து இளையவருக்குக் கைமாறும்போது, உண்மையில் கைமாறுவது எது என்னும் கேள்வி சமையலறைக்கு மட்டும் உரியதன்று. நிலம் கைமாறினால் அதற்குப் பத்திரம் உண்டு; மொழி கைமாறினால் அதற்கு அகராதியும் இலக்கணமும் உண்டு; ஆனால் ஒரு கையின் பழக்கம் இன்னொரு கைக்குச் சென்று சேர்வதற்கு எழுத்து எவ்வளவு தூரம் துணைவரும், எந்த இடத்தில் நின்றுவிடும் என்பதை வரையறுத்துச் சொல்வது எளிதன்று. இதை எண்ணிப் பார்ப்பதற்கு, அமெரிக்க வீடுகளில் நெடுங்காலமாகச் சுடப்பட்டு வரும் வெள்ளை ஈஸ்ட் ரொட்டி மிகவும் பொருத்தமானது. மாவு, பால், ஈஸ்ட், உப்பு, சிறிது சர்க்கரை, சிறிது வெண்ணெய் என்பவற்றைத் தவிர வேறெதுவும் அதில் இல்லை. மசாலையின் மணமோ நிறமோ குறையை மூடிவிட முடியாத அந்த எளிய உணவில், செய்தவரின் கை மறைவின்றித் தெரிகிறது.

அமெரிக்கக் குடும்பங்களில் இத்தகைய செய்முறைகள் பெரும்பாலும் 3 அங்குலத்துக்கு 5 அங்குலம் அளவுள்ள அட்டைகளில் எழுதப்பட்டு, சிறு மரப்பெட்டியிலோ தகரப்பெட்டியிலோ அடுக்கி வைக்கப்பட்டன. கடைகளில் விற்கப்பட்ட அட்டைகள் பலவற்றின் தலைப்பில் ‘இன்னாருடைய சமையலறையிலிருந்து’ என்னும் பொருள்படும் வரி அச்சிடப்பட்டு, பெயருக்கான இடம் மட்டும் வெறுமையாக விடப்பட்டிருக்கும். இரண்டு ரொட்டிகளுக்கான வழக்கமான அட்டையைப் படித்தால், வெதுவெதுப்பான பால் 2 கப், உலர் ஈஸ்ட் 2¼ தேக்கரண்டி, அதாவது கடைகளில் கிடைக்கும் 7 கிராம் பொட்டலம் ஒன்று, சர்க்கரையும் வெண்ணெயும் 2 மேசைக்கரண்டி வீதம், உப்பு 2 தேக்கரண்டி என்று ஐயத்துக்கு இடமின்றி அளவுகள் வரிசையாக வரும். மாவுக்கு வரும்போது மட்டும் அந்த உறுதி தளர்ந்து, ‘5½ முதல் 6 கப் வரை’ என்று எழுதப்பட்டிருக்கும். அதன்பின், பத்து நிமிடம் பிசைய வேண்டும், இருமடங்காகும் வரை மூடி வைக்க வேண்டும், காற்றை அமுக்கி வெளியேற்றி உருட்டி அச்சுகளில் இட வேண்டும், மீண்டும் எழும்பிய பிறகு ஏறத்தாழ 190 டிகிரி செல்சியஸ் வெப்பமுள்ள ஓவனில் 35 முதல் 40 நிமிடம் சுட வேண்டும் என்று நான்கைந்து வரிகளில் செய்முறை முடிந்துவிடும். மாவின் அளவில் விடப்பட்டுள்ள அந்த அரைக் கப் இடைவெளி எழுதியவரின் கவனக்குறைவால் நேர்ந்ததன்று; எழுத்து தன் எல்லையை அறிந்து ஒதுங்கிக்கொண்ட இடம் அது. குடும்பச் செய்முறை ஒன்றின் மதிப்பு பெரும்பாலும் அந்த இடத்திலேயே தங்கியிருக்கிறது.

அந்த இடைவெளி ஏன் தேவைப்படுகிறது என்பதற்குத் தெளிவான காரணங்கள் உண்டு. மாவைக் கரண்டியால் மெல்ல அள்ளிக் கப்பில் இட்டு மேற்புறத்தை வழித்துவிட்டால் ஒரு கப் ஏறத்தாழ 120 கிராம் இருக்கும். கப்பையே மாவுக்குள் அமிழ்த்தி அள்ளினால் அதே கப் 140 கிராமையும் தாண்டும். ஆறு கப்புகளில் இந்த வேறுபாடு நூறு கிராமுக்கும் மேல் வந்துவிடுகிறது. இதனுடன் கோதுமையின் வகையைப் பொறுத்து மாவின் புரத அளவு மாறுகிறது; புரதம் கூடிய மாவு கூடுதலான நீரை உறிஞ்சும். மாவு எத்தனை நாள், எவ்வளவு ஈரமான காற்றில் இருந்தது என்பதும் அதன் தாகத்தைக் கூட்டும், குறைக்கும். ஆகவே ஓர் அட்டையில் ‘5¾ கப்’ என்று எழுதிவைத்தால் அது துல்லியம் போலத் தோன்றினாலும், இன்னொரு வீட்டில், இன்னொரு பருவத்தில், இன்னொரு பை மாவில் அந்தத் துல்லியமே பிழையாகிவிடும். எழுதியவர் எண்ணைத் தளர்த்தியதால்தான் செய்முறை உண்மையாக நிற்கிறது.

எண் நின்றுவிடும் இடத்தில் தொடங்கும் அறிவுக்குத் தமிழில் ‘பதம்’ என்று பெயர். சர்க்கரைப் பாகு விரல்களுக்கிடையே கம்பியாக இழுபடும் நிலையைக் கம்பிப் பதம் என்று சொல்லும் சமையற்காரர், வெப்பமானியின் துணையின்றியே பாகின் அடர்த்தியை அறிந்துகொள்கிறார். பொருள் தன் சரியான நிலையை அடைந்துவிட்டது என்பதைக் கண்ணும் விரலும் மூக்கும் சேர்ந்து உணர்வதே பதம். அந்த உணர்வு பலமுறை பழகிப் பழகி உடலில் தங்கிவிடும்போது அது கைப்பக்குவம் ஆகிறது. ரொட்டி மாவு பிசைபவரும் இதையே செய்கிறார். ஐந்து கப் மாவு சேர்ந்தவுடன் பிசுபிசுவென்று கையில் அப்பிக்கொள்ளும் கலவை, சிறிது சிறிதாக மாவைத் தூவிப் பிசையப் பிசையப் பாத்திரத்தின் பக்கத்தை விட்டுத் தானே விலகி வருகிறது. விரலில் ஒட்டுவது போல வந்து ஒட்டாமல் பிரிகிறது. அழுத்தினால் குழிந்து, மெல்ல எழும்புகிறது. அங்கே மாவு சேர்ப்பதை நிறுத்த வேண்டும். பழகாத கை, ஒட்டுகிறதே என்னும் அச்சத்தால் இன்னும் ஒரு பிடி, இன்னும் ஒரு பிடி என்று மாவைச் சேர்த்துக்கொண்டே போவதாலேயே, புதிதாகச் செய்பவர்களின் ரொட்டி பெரும்பாலும் கல்லைப் போலக் கனத்துவிடுகிறது. சற்றே ஒட்டும் நிலையைப் பொறுத்துக்கொள்ளும் துணிவு அனுபவத்தால் மட்டுமே வருவது.

இந்த மாற்றத்துக்கான காரணத்தை அறிவியல் விளக்கியிருக்கிறது. இத்தாலியின் போலோன்யா நகரைச் சேர்ந்த யாகோப்போ பெக்காரி என்னும் அறிஞர், கோதுமை மாவைப் பிசைந்து நீரில் அலசி மாவுச்சத்தை நீக்கியபின் எஞ்சும் பசை போன்ற பொருளைத் தனியே பிரித்துக் காட்டி, 1728இல் அதைப் பற்றி உரையாற்றினார். அதையே இன்று குளூட்டன் என்கிறோம். கோதுமையில் உள்ள கிளியாடின், குளூட்டெனின் என்னும் இரு புரதங்களில் முன்னது நீளும் தன்மையையும் பின்னது மீளும் தன்மையையும் தருகின்றன. நீர் சேர்ந்து பிசையப்படும்போது இவை இரண்டும் பின்னி வலையாகின்றன. ஈஸ்ட் என்னும் ஒருசெல் பூஞ்சை மாவிலுள்ள சர்க்கரையை உண்டு வெளியிடும் கரியமில வாயு அந்த வலைக்குள் சிறைப்பட்டுச் சிறுசிறு குமிழிகளாக விரிவதால்தான் மாவு எழும்புகிறது. நன்றாகப் பிசைந்த மாவில் ஒரு துண்டை எடுத்து விரல்களால் மெல்ல இழுத்து விரித்தால், மறுபுறம் வெளிச்சம் தெரியும் அளவுக்கு மெல்லிய படலமாகக் கிழியாமல் விரியும். அறிவியல் இவ்வளவையும் தெளிவாக்கிய பிறகும், இன்றைய மாவு அந்த நிலையை எப்போது அடைகிறது என்பதை அந்த நேரத்தில், அந்த மேசையருகே நின்று அறிய வேண்டியவர் பிசைபவரே.

ஹங்கேரியில் பிறந்து, வேதியியலிலிருந்து தத்துவத்துக்கு வந்த மைக்கேல் போலானி, இவ்வாறு செயலில் வெளிப்பட்டும் சொல்லில் முழுமையாக அடங்காத அறிவை ஆராய்ந்து 1966இல் நூலொன்றை வெளியிட்டார். அவருடைய கருத்துக்கு ரொட்டியே பின்னாளில் சோதனைக் களமாயிற்று. 1980களில் ஜப்பானின் மட்சுஷிடா மின்பொருள் நிறுவனம் வீட்டு ரொட்டி இயந்திரம் ஒன்றை உருவாக்க முயன்றபோது, வெளிப்புறம் கருகி உட்புறம் வேகாத ரொட்டிகளே கிடைத்தன. அந்நிறுவனத்தின் மென்பொருள் வல்லுநரான இக்குகோ தனாகா, ஒசாகா சர்வதேச ஓட்டலின் தலைமை ரொட்டிக் கலைஞரிடம் சென்று பயிற்சி பெற்று, அவர் மாவை இழுப்பதோடு ஒரே வேளையில் முறுக்கவும் செய்கிறார் என்பதைக் கண்டறிந்தார். இயந்திரத்தின் உட்புறத்தில் விலாவெலும்பு போன்ற மேடுகளை அமைத்து அந்த அசைவைப் பொறியாளர்கள் ஓரளவு கொண்டுவந்தனர். மேலாண்மை அறிஞர் இக்குஜிரோ நொனாகா இதனைச் சொல்லப்படாத அறிவு சொல்லாக மாறியதற்குச் சான்றாக எடுத்துக்காட்டினார். ரொட்ரிகோ ரிபேரோ, ஹாரி காலின்ஸ் ஆகிய இரு ஆய்வாளர்கள் 2007இல் இதே இயந்திரத்தை மீண்டும் ஆராய்ந்து, கலைஞரின் அறிவு முழுவதும் இயந்திரத்துக்குள் புகுந்துவிடவில்லை என்றும், அதைப் பயன்படுத்தும் வீட்டாரின் அறிவும் திருத்தமும் சேர்ந்தே அதன் வேலையை நிறைவாக்குகின்றன என்றும் வாதிட்டனர். இவ்விரு முடிவுகளில் எதை ஏற்றாலும் ஓர் உண்மை மிஞ்சுகிறது: அந்த அறிவைத் தேடிச் சென்றவர் அதைப் பெறுவதற்கு ஒரு கலைஞரின் பக்கத்தில் போய் நிற்க வேண்டியிருந்தது.

இதனால் எழுத்தும் எண்ணும் மதிப்பில் குறைந்தவை என்று முடிவுகட்டுவது நன்றியின்மையாகும். பழைய செய்முறைகளில் வெண்ணெய் ‘முட்டையளவு’ என்றும் மாவு ‘வேண்டுமளவு’ என்றும் எழுதப்பட்டிருந்த காலம் உண்டு. ஏற்கெனவே அறிந்தவருக்கு நினைவூட்டலாகப் பயன்பட்ட அந்தக் குறிப்புகள், அறியாதவருக்கு வாயில் திறக்கவில்லை. பாஸ்டன் சமையற்கலைப் பள்ளியின் தலைவராக இருந்த ஃபேனி ஃபார்மர் 1896இல் வெளியிட்ட சமையல் நூலில், கப்பையும் கரண்டியையும் தலைதட்டி அளக்கும் முறையை வலியுறுத்தினார். தாயை இளமையில் இழந்தவர், சொந்த ஊரை விட்டு ஆயிரக்கணக்கான மைல் தொலைவில் குடியேறியவர், சமையலறைப் பக்கமே வந்திராத ஆண் ஆகிய எவரும் அந்த அளவுகளைப் பிடித்துக்கொண்டு ஒரு ரொட்டியைச் சுட்டுவிட முடிந்தது. அளவு என்பது அறிமுகமில்லாதவருக்கும் நீட்டப்படும் கை; பதம் என்பது அருகில் இருப்பவருக்கு மட்டும் கிடைக்கும் கை. இரண்டும் தேவை என்பதையும், ஒன்று மற்றொன்றின் வேலையைச் செய்துவிட முடியாது என்பதையும் உணர்வதே மரபைப் பேணுவதன் முதற்படி.

குடும்பச் செய்முறை எனப்படுவது அந்தக் குடும்பத்தில்தான் பிறந்திருக்க வேண்டும் என்னும் எண்ணமும் ஆராயத்தக்கது. 1796இல் ஹார்ட்ஃபோர்டு நகரில் வெளியான அமெலியா சிமன்ஸின் சமையல் நூலில், மது வடித்தபின் எஞ்சும் வண்டலையும் ஹாப்ஸ் என்னும் கொடியின் பூக்களையும் கொண்டு வீட்டிலேயே ஈஸ்ட் வளர்க்கும் முறை விளக்கப்பட்டிருக்கிறது. உருளைக்கிழங்கு வேகவைத்த நீரிலும் ஈஸ்ட் வளர்க்கப்பட்டது. ஒவ்வொரு வீட்டின் ஈஸ்டும் வெவ்வேறு குணம் கொண்டிருந்த அந்தக் காலம், சின்சினாட்டி நகரில் ஃப்ளைஷ்மன் சகோதரர்கள் 1868இல் ஒரே தரமான அழுத்திய ஈஸ்ட் கட்டிகளைத் தயாரிக்கத் தொடங்கி, 1876இல் ஃபிலடெல்ஃபியாவில் நடந்த நூற்றாண்டுக் கண்காட்சியில் அதைக் கொண்டு ரொட்டி சுட்டுக் காட்டியதன்பின் மெல்ல மறைந்தது. அதன்பிறகு மாவுப் பைகளிலும் ஈஸ்ட் பொட்டலங்களிலும் நிறுவனங்கள் செய்முறைகளை அச்சிட்டுத் தந்தன. தேவாலயப் பெண்கள் சங்கங்கள் நிதி திரட்டுவதற்காகத் தொகுத்த நூல்களிலும் அவை இடம்பெற்றன. இன்று ‘பாட்டியின் ரொட்டி’ என்று போற்றப்படும் செய்முறைகளில் கணிசமானவற்றின் மூலம் அத்தகைய மாவுப் பையாகவே இருக்கக்கூடும்.

இதை அறிந்து ஏமாற்றமடையத் தேவையில்லை. ஒரு செய்முறை குடும்பத்துக்கு உரியதாவது அது எங்கே பிறந்தது என்பதால் அன்று, எத்தனை முறை அந்த வீட்டில் திருத்தப்பட்டது என்பதால் ஆகும். அட்டையின் ஓரத்தில் வேறொரு மையில் ‘சர்க்கரையைக் குறைக்கவும்’ என்று சேர்க்கப்பட்ட குறிப்பும், ஒரு கப் பாலுக்குப் பதிலாக உருளைக்கிழங்கு நீர் என்று அடித்து எழுதப்பட்ட வரியும், வெண்ணெய்க் கறை படிந்து எழுத்து மங்கிய மூலையும் அந்தச் செய்முறை வாழ்ந்த வரலாற்றைச் சொல்கின்றன. மொழியும் இவ்வாறே எவராலும் புதிதாகப் படைக்கப்படாமல், பேசுபவர் ஒவ்வொருவராலும் சிறிது மாற்றப்பட்டு, அவரவர் வீட்டுப் பேச்சாகிவிடுகிறது.

திருத்துவதற்கு உரிமை உண்டென்றால், எதைத் திருத்தலாம், எதை விடக் கூடாது என்னும் கேள்வி உடனே எழுகிறது. பழைய செய்முறைகளில் மாவைச் சலிக்க வேண்டும் என்றும், பாலைக் கொதிநிலைக்குச் சற்றுக் கீழே வரை சூடாக்கி ஆறவிட வேண்டும் என்றும் இரண்டு கட்டளைகள் அடிக்கடி வரும். கட்டியும் தூசியும் பூச்சியும் இருக்கக்கூடிய மாவுக்குச் சலிப்பு தேவைப்பட்டது. ஆலையிலேயே சலிக்கப்பட்டு வரும் இன்றைய மாவில் அந்தக் கட்டளையைக் கைவிட்டாலும் ரொட்டிக்கு இழப்பில்லை. பாலைச் சூடாக்கியதற்கும், கறந்த பாலிலுள்ள கிருமிகளை அழிப்பதே காரணமாகச் சொல்லப்பட்டது. பதப்படுத்திய பால் வந்தபின் அந்தக் காரணம் நீங்கிவிட்டது. ஆயினும் பாலின் ஊநீரில் உள்ள புரதம் ஒன்று குளூட்டன் வலையைத் தளர்த்தக்கூடியது என்பதும், பதப்படுத்தும் குறுகிய வெப்பத்தைக் காட்டிலும் கூடுதலாகச் சூடாக்கும்போது அது தன் இயல்பை இழந்துவிடுவதால் ரொட்டி நன்றாக எழும்புகிறது என்பதும் பின்னர் தெரியவந்தன. அட்டையை எழுதியவர் அறிந்த காரணம் போய்விட்டது. அவர் அறியாத காரணம் நிலைத்திருக்கிறது. முன்னோர் சொன்னது என்பதற்காக ஒன்றைக் கண்மூடிப் பின்பற்றுவதும், காரணம் விளங்கவில்லை என்பதற்காக உடனே தூக்கியெறிவதும் ஒரே அவசரத்தின் இரு வடிவங்கள். இரண்டு ரொட்டிகளை இரு விதமாகச் சுட்டுச் சுவைத்துப் பார்த்து முடிவுசெய்யும் பொறுமையே மரபுக்குச் செலுத்தும் உண்மையான மரியாதை.

அந்த மரியாதை, மரபின் குறைகளைப் பார்க்க மறுப்பதாகவும் இருக்கக் கூடாது. ரொட்டியின் வெண்மை நீண்ட காலம் வசதி படைத்தோரின் அடையாளமாக இருந்தது. தவிட்டையும் முளையையும் முழுவதுமாக நீக்கிய மாவு விலை கூடியது. 1870களின் பிற்பகுதியிலிருந்து மினியாபொலிஸ் நகர ஆலைகள், கல் திரிகைகளுக்கு மாற்றாக உருளைகளைக் கொண்டு அரைக்கும் ஹங்கேரிய முறையை ஏற்று, வெள்ளை மாவை எல்லார் வீட்டுக்கும் கொண்டு சேர்த்தன. அந்த வெண்மைக்கு விலையாக பி வைட்டமின்களும் இரும்புச்சத்தும் நீங்கின. அவற்றில் சிலவற்றை மாவில் திரும்பச் சேர்க்கும் திட்டம் அமெரிக்காவில் 1941இல் தொடங்கியது. வெள்ளை மாவை எதிர்த்து 1837இலேயே நூல் எழுதிய சில்வெஸ்டர் கிரஹாம், ரொட்டி கடையில் வாங்கப்படாமல் வீட்டில் தாயின் கையாலேயே செய்யப்பட வேண்டும் என்றும் வற்புறுத்தினார். உடல்நலம் பற்றிய அவருடைய கவலையில் உண்மை இருந்தது. ஆனால் அன்பைக் கடமையாக்கி ஒரே தோளில் ஏற்றிய அந்த வற்புறுத்தலில் அநீதியும் இருந்தது. விறகடுப்பை மூட்டி, வாரத்துக்கு ஒரு நாளோ இரு நாளோ முழுவதையும் ரொட்டிக்கே செலவிட்ட பெண்கள் பலருக்கு அது தேர்வாக இருக்கவில்லை. அட்டையின் தலைப்பில் எழுதப்பட்ட பெயர்கள் பெரும்பாலும் பெண்களின் பெயர்கள் என்பதில் பெருமையோடு பாரமும் கலந்திருக்கிறது.

ஆகவே கடை ரொட்டி வந்தபோது அது பலருக்கு விடுதலையாகவே வந்தது. 1890இல் அமெரிக்க ரொட்டியில் ஏறத்தாழ 90 விழுக்காடு வீடுகளில் சுடப்பட்டது என்றும், 1930இல் அதே அளவு ஆலைகளில் சுடப்பட்டது என்றும், வெள்ளை ரொட்டியின் சமூக வரலாற்றை எழுதிய ஆரன் பாப்ரோ-ஸ்ட்ரெயின் குறிப்பிடுகிறார். மிசௌரி மாநிலத்தின் சில்லிகாதி என்னும் சிற்றூரில் 1928 ஜூலை 7 அன்று, ஆட்டோ ரோவெடர் உருவாக்கிய இயந்திரத்தால் துண்டு போடப்பட்ட ரொட்டி முதன்முதலாக விற்பனைக்கு வந்தது. போர்க்காலத்தில் 1943 ஜனவரியில் துண்டு ரொட்டிக்கு விதிக்கப்பட்ட தடையை மக்களின் எதிர்ப்பால் மார்ச் மாதத்திலேயே விலக்கிக்கொள்ள நேர்ந்தது என்பது, பதினைந்து ஆண்டுகளுக்குள் அந்த வசதி அன்றாட வாழ்வில் எவ்வளவு ஆழமாக வேரூன்றியது என்பதைக் காட்டுகிறது. அந்த வசதியைப் பழிப்பதற்குக் காரணமில்லை. வீட்டு ரொட்டி இன்று எவர்மீதும் சுமத்தப்படாத வேலையாகிவிட்டதனால்தான், அதை ஏன் செய்ய வேண்டும் என்னும் கேள்விக்கு முதன்முறையாகச் சுதந்திரமான விடை சொல்ல முடிகிறது.

அந்த விடையின் ஒரு பகுதியை, மரவேலைக் கலைஞரும் பேராசிரியருமான இங்கிலாந்தின் டேவிட் பை 1968இல் வகுத்த ஒரு வேறுபாட்டில் காணலாம். விளைவு முன்கூட்டியே முழுவதும் உறுதிசெய்யப்பட்ட வேலை ஒன்று. செய்து முடிக்கும் வரை கையின் கவனத்தையும் தீர்ப்பையும் பொறுத்து விளைவு மாறக்கூடிய, கெட்டுப்போகும் வாய்ப்பு ஒவ்வொரு கணமும் உள்ள வேலை மற்றொன்று. ஆலை ரொட்டி முதல் வகை. வீட்டு ரொட்டி இரண்டாம் வகை. பாலின் சூடு ஏறத்தாழ 60 டிகிரியைத் தாண்டினால் ஈஸ்ட் இறந்துவிடும்; குளிர்ந்திருந்தால் அது உறங்கும்; உப்பு மறந்தால் ரொட்டி சப்பென்றிருக்கும்; நேரம் தவறினால் எழும்பியது சரியும். இவ்வளவு இடர்களுக்கு நடுவே ஒருவர் தன் கவனத்தை முழுமையாக ஒரு பொருளில் வைக்க நேர்வதே அந்த வேலையின் கொடை. 2020 மார்ச், ஏப்ரல் மாதங்களில் கொரோனா நோய் அச்சத்தால் வீடடங்கியிருந்தபோது அமெரிக்கக் கடைகளில் மாவும் ஈஸ்டும் கிடைப்பது அரிதானதை வெறும் பதுக்கலாக மட்டும் விளக்கிவிட முடியாது. எதுவும் தம் கட்டுப்பாட்டில் இல்லாத நாள்களில், தம் கவனத்துக்கு மறுமொழி தரும் ஒரு சிறு பொருளை மக்கள் தேடினார்கள்.

கவனத்தைப் போலவே காத்திருப்பும் இந்த வேலையில் கற்றுக்கொள்ளப்படுவது. மூடிய பாத்திரத்துக்குள் மாவு எழும்பும் ஒரு மணி நேரத்தையோ ஒன்றரை மணி நேரத்தையோ மனிதர் விரும்பியவாறு சுருக்க முடியாது. இங்கிலாந்தின் சார்லிவுட் ஆய்வு நிலையத்தில் 1961இல் உருவாக்கப்பட்ட முறை, மாவை மிகுந்த விசையுடன் சில நிமிடங்களுக்குக் கலக்கி, நீண்ட நேரம் புளிக்க வைக்கும் தேவையையே நீக்கிவிட்டது. காலத்தோடு சேர்ந்து, ஈஸ்ட் மெல்லமெல்ல உண்டாக்கும் மணத்தின் ஒரு பகுதியும் நீங்கியது. வீட்டில் சுடுபவர் கடிகாரத்தைப் பார்ப்பதில்லை. இரண்டு விரல்களை மாவில் அழுத்தி எடுக்கிறார். குழி உடனே நிரம்பினால் இன்னும் காத்திருக்கிறார். குழி அப்படியே நின்றால் எழுகிறார். இது செயலற்றுக் கிடக்கும் காத்திருப்பன்று. பிள்ளை வளர்ப்பிலும் நட்பிலும் நோயுற்றவரைப் பேணுவதிலும் வேண்டப்படுவது, தன் வேலையைச் செய்து முடித்தபின் மற்றோர் உயிர் தன் வேலையைச் செய்வதற்கு இடம்விட்டு, அதே வேளையில் அவ்வப்போது தொட்டுப் பார்க்கும் இத்தகைய காத்திருப்பே.

ஓவனிலிருந்து வெளிவந்த ரொட்டியைக் கவிழ்த்து அடிப்பாகத்தைத் தட்டினால் உள்ளீடற்ற பாண்டத்தைத் தட்டியது போன்ற ஓசை எழும்; வெந்துவிட்டது என்பதற்குப் பல தலைமுறைகள் நம்பிய அடையாளம் அது. மேலோட்டின் பொன்னிறமும் மணமும், புரதத்தின் கூறுகளும் சர்க்கரையும் வெப்பத்தில் இணைவதால் உண்டாகின்றன. 1912இல் அதை விளக்கிய பிரெஞ்சு அறிஞர் லூயி கமில் மையாரின் பெயராலேயே அந்த வினை அழைக்கப்படுகிறது. ஆறிய கணத்திலிருந்தே ரொட்டி பழையதாகத் தொடங்குகிறது. ஈரம் உலர்வதால்தான் ரொட்டி இறுகுகிறது என்று கருதப்பட்டு வந்ததை, பிரெஞ்சு வேதியியலர் ழான் பாப்தீஸ்த் பூசிங்கோ 1852இல் மறுத்தார். ஈரம் வெளியேறாதபடி அடைத்து வைத்த ரொட்டியும் இறுகுவதை அவர் காட்டினார். வெப்பத்தில் நெகிழ்ந்த மாவுச்சத்து மீண்டும் ஒழுங்குபட்டுக் கெட்டிப்படுவதே அதற்குக் காரணம். ஆகவே நல்ல ரொட்டியைப் பூட்டிக் காப்பாற்ற எந்தப் பெட்டியாலும் முடியாது.

நகையையும் நிலத்தையும் போல ரொட்டியைப் பிள்ளைகளுக்கு விட்டுச்செல்ல முடியாது என்பதே, அதைப் பெரும் மரபுரிமையாக்குகிறது. இரண்டு நாளில் தீர்ந்தோ இறுகியோ போகும் ஒன்று நிலைத்திருக்க வேண்டுமானால், அதை மீண்டும் மீண்டும் செய்யும் ஒருவர் இருந்தாக வேண்டும். அவர் செய்யும்போது இன்னொருவர் அருகில் நிற்க வேண்டும். அட்டையை மட்டும் பெற்றவர் மரபின் பாதியைப் பெறுகிறார். மறுபாதி, அரைக் கப் மாவு கையில் மிஞ்சியிருக்கும் நேரத்தில், ‘தொட்டுப் பார், இதுதான்’ என்று ஒரு மூத்த கை இளைய கையை மாவின்மேல் வைக்கும்போது கிடைக்கிறது. அருகில் நிற்க எவரும் இல்லாமல் போனவருக்கும் வழி அடைபட்டுவிடவில்லை. பல ரொட்டிகளைக் கெடுத்து, ஒருநாள் தம் கையாலேயே அந்தப் பதத்தைக் கண்டறிந்து, அதைத் தமக்குப் பின் வருபவருக்குத் தொட்டுக் காட்டும் முதல் ஆளாக அவர் ஆகலாம். ‘5½ முதல் 6 கப் வரை’ என்று எழுதியவர் அந்த இடத்தை நிரப்பாமல் விட்டது, அங்கே நிற்கப்போகும் கை தம்முடையதாக இராது என்பதை அறிந்ததனால்தான்.